ரெண்டு ரீல் சிரிப்பு

அண்ணாச்சி, கோவிச்சுக்காதீங்க, அந்தப் பீடியை மட்டும் வெளிய போட்டுருங்க. உங்க காசு, உங்க பீடி, நான் யாரு கேக்க? ஆனா பலகைக்கு அடியில தகரப் பொட்டி ஒண்ணு இருக்கு பாருங்க, அதுக்குத் தீயின்னாலே ஆகாது. ஒரு பொறி பட்டுச்சுன்னா நீங்களும் நானும், அந்தா கைக்குழந்தையோட தூங்குதே ஒரு தாயி, அதுவும், யாரும் பழனி போய்ச் சேர மாட்டோம்.

போட்டுட்டீங்களா? நல்ல மனுசன். தள்ளி உக்காராதீங்க, வெடிமருந்தெல்லாம் இல்ல. சினிமாப் படம். ரெண்டு ரீல். அந்தச் சுருளு பஞ்சை விட வேகமாப் பத்திக்கிடும். ரயில்ல கொண்டு போகக் கூடாதுதான். அதுக்குத்தான் மேலாப்புல ரெண்டு கை மிளகா வத்தலைப் போட்டு வச்சிருக்கேன். எவனாச்சும் திறந்து பாத்தா தும்மல்தான் வரும், அதுக்குக் கீழ கையை விட மாட்டான். கேட்டா சாம்பிள்னு சொல்லுவேன். நான் வத்தல் யாவாரி. விருதுநகர்ல எறங்கி தவசிமுத்து மண்டின்னு கேளுங்க, சின்னப் புள்ள கூட வழி சொல்லும்.

வத்தல் யாவாரிக்கு எதுக்குய்யா சினிமாப் பொட்டின்னு நினைக்கிறீங்க. நினைக்கத்தான் செய்வீங்க. உள்ள இருக்கிறது எம் பொஞ்சாதி. சிரிக்காதீங்க, நெசமாத்தான் சொல்றேன்.

அஞ்சாறு வருசத்துக்கு முந்தி எடுத்த படம். அப்பல்லாம் பேசுற படம் எடுக்கணும்னா கல்கத்தா, பம்பாய்னு ரயிலேறிப் போகணும்ல. மதுரையில இருந்து ஒரு நாடகக் கூட்டம் புராணப் படம் எடுக்கப் போச்சு. எடுத்து முடிச்சதும் சுருளு கொஞ்சம் மிஞ்சியிருக்கு. அதைத் திருப்பிக் கொண்டாந்து என்ன செய்யன்னு, அதுல ஒரு சிரிப்புப் படத்தை எடுத்து, புராணத்துக்கு முன்னால ஒட்டி விட்டுட்டாக. இருபது நிமிசம் ஓடும். பேரு 'வட்டிக்கு வந்த மாப்பிள்ளை'. புராணம் ஒரு வாரத்துல படுத்துருச்சு. இது நின்னுக்கிட்டுது.

கதை ஒண்ணும் பெருசில்ல. ஒரு வட்டிக்கடைக் கிழவன். மகா கஞ்சன். கடன் வாங்கினவன் மக மேல அவனுக்கு ஆசை. கடனுக்குப் பதிலாப் பொண்ணைக் குடுங்கான். அந்தப் பொண்ணுக்கோ வேற ஒரு பையன் மேல காதல். பையன் கையில காலணா கெடையாது. பொண்ணு கெட்டிக்காரி, நேரா கிழவன்கிட்ட வந்து, நான் பெருசா உங்க பணம் பெருசான்னு கேக்குறா. கிழவன் இரும்புப் பொட்டி மேல ஏறி உக்காந்துக்கிட்டு, நீதான் பெருசுன்னு பாட்டாப் பாடித் தள்ளுறான். பொட்டியை விட்டு மட்டும் எறங்க மாட்டேங்கான். அப்படியும் ஆளுக உலகத்துல இருக்கத்தான செய்றாங்க, எனக்கே ரெண்டு பேரைத் தெரியும்.

பொட்டி நெசப் பொட்டி இல்ல, மரத்துல செஞ்சு கறுப்பு அடிச்சது. பாட்டு பாதியில இருக்கும்போது அதோட காலு படக்குனு ஒடிஞ்சு போச்சு. இது கதையில இல்லாதது. கிழவன் மல்லாக்க விழுந்துட்டான், ரெண்டு காலும் மேல. ஆனா நிறுத்தினா சுருளு வீணாப் போகுமேன்னு அந்த மனுசன் விழுந்த வாக்குலயே பாடுறான், ராகம் தாளம் தப்பாம. அந்தப் பொண்ணா நடிச்சவதான் எம் பொஞ்சாதி, அவளுக்குச் சிரிப்பு வந்துருச்சு. டைரக்டர் கையைக் கையை ஆட்டுறாரு. அவளால அடக்க முடியலை. சத்தம் பிடிக்கிறவன் ஒரு வெள்ளைக்காரன், கண்ணாடிக் கூண்டுக்குள்ள உக்காந்திருக்கான், தமிழ் ஒரு எழுத்துத் தெரியாது. இதுவும் பாடத்துலயே இருக்குபோலன்னு நினைச்சுக்கிட்டு, பேஷ், சரின்னு சைகை காட்டிட்டான். அவன் சரின்னா அங்க எல்லாருக்கும் சரிதான். சிரிப்பு படத்துல நின்னுருச்சு.

எப்படிச் சிரிப்பான்னா கேக்குறீங்க? மொதல்ல வாயைப் பொத்துவா. முந்தானையைக் கடிப்பா. அடங்கிருச்சுன்னு நாம நினைப்போம். அப்ப மூக்கு வழியா லேசா ஒரு சத்தம் வரும். அதுக்கப்புறம் வெடிச்சு வரும் பாருங்க, கொட்டகையில கைக்குழந்தையெல்லாம் முழிச்சுக்கிடும். சிரிச்சுச் சிரிச்சு மூச்சு முட்டி, கடைசியில ஒரே ஒரு விக்கல். அந்த விக்கலுக்குத்தான் சனம் காசு குடுத்துச்சு. பேசுற படம் பேசுற படம்னு சொல்றோம், அது வரைக்கும் படத்துல பேசினவுக எல்லாம் பள்ளிக்கூடத்துல ஒப்பிக்கிற மாதிரித்தான் பேசுவாக. ஒரு பொம்பளை நெசமாச் சிரிச்சு எங்க சனம் அப்பத்தான் கேட்டுச்சு.

எனக்கு அப்ப மூத்த தாரம் தவறிப்போய் ரெண்டு வருசம். புள்ளை குட்டி கெடையாது. மண்டியை அடைச்சுட்டு வீட்டுக்குப் போனா பேச ஆளில்ல. யாரோ கூப்பிட்டாகன்னு கொட்டகைக்குப் போனேன். மறுநாளும் போனேன். அதுக்கு மறுநாளும் போனேன். சிரிப்புப் படம் முடிஞ்சதும் எந்திரிச்சு வந்துருவேன், சாமி படத்துக்கு உக்கார மாட்டேன். டிக்கெட் குடுக்குறவனே, அண்ணாச்சி உங்களுக்குப் பாதி டிக்கெட் கிழிச்சுத் தரட்டுமான்னு கேலி பண்ணுவான். பண்ணட்டுமே. அந்தச் சிரிப்பு என் வீட்டுக்குள்ள கேட்டா எப்படி இருக்கும்னு நினைச்சேன். வேற ஒண்ணும் நினைக்கல. தப்பா, சொல்லுங்க?

விசாரிச்சுப் போனேன். பேரு அபரஞ்சி. மதுரை தெற்குவாசல் பக்கம் ஒரு சந்துல சின்னம்மாகாரியோட இருந்தா. நாடகக் கூட்டம் கலைஞ்சு போய் அன்னன்னைக்குச் சோத்துக்கே பாடு. நான் நேராக் கேட்டேன், ஒளிவு மறைவு இல்ல. மாடி வீடு இருக்கு, மண்டி இருக்கு, மகாராணியா வச்சுக்கிடுறேன்னேன். அவ ஒண்ணே ஒண்ணுதான் கேட்டா, படத்துக்குக் கூப்பிட்டா நடிக்கப் போகலாமான்னு. நான் பாப்போம்னேன். பாப்போம்னா பாப்போம்தான அண்ணாச்சி? சரின்னு அர்த்தமாகுமா? இன்னைக்கு வரைக்கும் அந்த ஒரு வார்த்தையைப் பிடிச்சுக்கிட்டு நிக்கிறா.

திருப்பரங்குன்றத்துல வச்சுத் தாலி கட்டினேன். கூத்தாடியைக் கட்டிட்டான்னு சொந்தத்துல ஒருத்தன் கூட வீட்டு வாசலை மிதிக்கல. எங்க அக்கா செத்ததுக்கே எனக்குச் சொல்லி விடலை. அம்புட்டையும் தாங்கிக்கிட்டேன். யாருக்காக? அந்த மொத நாலஞ்சு மாசம் வீடு வீடா இருந்துச்சு, பொய் சொல்லக் கூடாது. மண்டியில இருந்து வருவேன், சட்டையெல்லாம் வத்தல் நெடி. கிட்ட வந்ததும் அவளுக்குத் தும்மல் வரும், தும்முனதும் சிரிப்பு வரும். கல்கத்தாக் கதையெல்லாம் அப்பச் சொன்னதுதான். நான் கொடுத்து வச்சவன்னு நினைச்சேன்.

அதுக்கப்புறந்தான் ஊர்க்காரன் ஆரம்பிச்சான். படம் அங்க இங்கன்னு சுத்திக்கிட்டேதான இருக்கு. மூட்டை தூக்குறவன் மூட்டையை எறக்கிட்டு மூச்சு வாங்குற சாக்குல ஒரு விக்கல் விக்குவான். சுத்தி நிக்கிறவனெல்லாம் தலையைக் குனிஞ்சுக்கிட்டுச் சிரிப்பான். எங்க யாவாரத்துல விலை வாயால பேச மாட்டோம், தெரியுமா உங்களுக்கு? கை மேல துண்டைப் போட்டு, துண்டுக்குள்ள விரலைப் பிடிச்சுத்தான் விலை சொல்லுவோம். தூத்துக்குடிக்காரன் ஒருத்தன் என் விரலைப் பிடிச்சுக்கிட்டு, மூஞ்சியைப் பாத்துக்கிட்டே ஒரு விக்கல் விக்குனான். பத்து ரூவா கொறைச்சுக் கேக்குறான், விக்கல் வேற. எனக்கு உடம்பெல்லாம் எரிஞ்சு போச்சு. என் பொஞ்சாதி சிரிப்பு என் வீட்டுல இருக்கணுமா, கண்டவன் வாயில இருக்கணுமா?

படத்தை எடுத்த மொதலாளி புராணத்துல நொடிச்சுப் போய் மதுரையில கெடந்தாரு. மூலச் சுருளு கல்கத்தாவுலயே தீயில போயிருச்சாம், அதுக்கு நான் பொறுப்பில்ல. நாலு பிரிண்டு ஊரைச் சுத்திக்கிட்டிருந்துச்சு. நாலையும் நானே வாங்கிட்டேன். அவரு என்னைப் பாத்து, கொட்டகை வைக்கப் போறீங்களான்னு சந்தோசமாக் கேட்டாரு. ஆமான்னேன்.

பழைய சுருளை வாங்குறதுக்குன்னு ஆள் இருக்கான், தெரியுமா? வளையல்காரன். சுடுதண்ணியில போட்டு அலசுவான். வெள்ளி தனியா வந்துரும், படம் பூரா அழிஞ்சுரும், மிச்சத்தைச் சாயம் ஏத்தி வளையலாச் சுத்திருவான். மூணு பிரிண்டை அவன்கிட்டப் போட்டேன். ஒண்ணை மட்டும் எடுத்து வச்சேன், கையிருப்புக்கு ஒண்ணு இருக்கட்டும்னு. யாவாரிப் புத்தி. அவன் எனக்கு ஒரு டஜன் வளையல் சும்மா குடுத்தான், நல்ல செவப்பு. அதைக் கொண்டாந்து இவகிட்டக் குடுத்தேன். ஆசையாப் போட்டுக்கிட்டா. கையை ஆட்டி ஆட்டிப் பாத்தா. என்னங்க, கண்ணாடி வளையல் மாதிரி சத்தமே வரலையேன்னா. இது புதுத் தினுசு, உடையாதுன்னு சொன்னேன். எதுல செஞ்சதுன்னு சொல்லலை. சொல்லி அவ மனசைப் புண்ணாக்குவானேன்? நமக்கு அந்த அளவுக்கு இரக்கம் இருக்கு.

அப்புறம் ஒருநாள் மண்டிக்கு ஒருத்தர் வந்தாரு. பட்டணத்துல இருந்து டைரக்டர் அனுப்பிச்சாராம். அபரஞ்சி அம்மாவைப் புதுப் படத்துக்குக் கேக்குறாங்கன்னாரு. இப்ப முன்ன மாதிரி கல்கத்தா போக வேண்டியதில்ல, கோயமுத்தூர்லயே எடுக்கிறாங்கன்னாரு. நான் மரியாதையா உக்கார வச்சு, மோர் குடுத்து, அவளுக்கு உடம்பு சொகமில்ல, இனிமே நடிக்கிறதா இல்லைன்னு சொல்லி அனுப்பிட்டேன். வீட்டுல போய் இதைச் சொல்லலை. எதுக்குச் சொல்லணும்? ஆனா யாரு சொன்னாளோ, தண்ணி எடுக்க வந்தவளோ, மோர் கொண்டு வந்த பொம்பளையோ, இவளுக்குத் தெரிஞ்சு போச்சு. அன்னைக்கு ராத்திரி சோறு போடும்போது, யாரும் வந்தாகளான்னு ஒரே ஒரு தடவை கேட்டா. யாரும் வரலையேன்னேன். குழம்பை ஊத்திட்டு உள்ள போயிட்டா.

அன்னைக்கோட சிரிப்பு நின்னு போச்சு.

நான் என்ன குறை வச்சேன், நியாயத்தைச் சொல்லுங்க. தெருவுல போறவன் பாக்கக் கூடாதுன்னு மாடி சன்னலுக்கெல்லாம் நல்ல தேக்குல அடைப்புப் போட்டேன், செலவைப் பாக்கல. வெளிய போய் அலைய வேண்டாம்னு எல்லாத்தையும் வீட்டுக்கே வரவழைச்சேன். பூக்காரி வீட்டுக்கு வருவா, சீலைக்காரர் வீட்டுக்கு வருவாரு. கிராமபோன் பொட்டி வாங்கிப் போட்டேன். நானும் வாசக் கதவைப் பூட்டிச் சாவியை இடுப்புல வச்சுக்கிட்டுத்தான் மண்டிக்குப் போவேன், அவ தனியா இருக்காளே, களவு கிளவு போயிறக் கூடாதுல்ல. எதிர்த்து ஒரு வார்த்தை பேச மாட்டா. நேரத்துக்குச் சோறு, நேரத்துக்கு வெந்நி. அப்படி ஒரு பொஞ்சாதி கெடைக்க மாட்டா. சிரிப்பு மட்டும் இல்ல.

வைத்தியரைக் கூட்டியாந்தேன். நாடியைப் பிடிச்சுப் பாத்துட்டு, நல்லாத்தான் இருக்காக, கொஞ்சம் காத்தாட நடக்கச் சொல்லுங்கன்னாரு. அந்த ஆளை அதுக்கப்புறம் கூப்பிடலை. சங்கரன்கோயிலுக்கு நேந்துக்கிட்டேன். மதுரையில இருந்து ஒரு பபூன் நடிகரைக் காசு குடுத்துக் கூட்டியாந்து நடுவீட்டுல ஆட விட்டேன். குட்டிக்கரணம் அடிச்சாரு, பொம்பளை மாதிரி நடந்து காட்டினாரு, கழுதை மாதிரி கத்துனாரு. நானும் கணக்கப்பிள்ளையும் வயித்தைப் பிடிச்சுக்கிட்டுச் சிரிச்சோம். அவ பேசாம இருந்து பாத்துட்டு, களைச்சுப் போயிருப்பீக, காப்பி சாப்பிடுங்கன்னு அவருக்குக் காப்பி ஆத்திக் குடுத்தா. அந்த மனுசன் டம்ளரைக் கீழ வச்சுட்டு அழுதுட்டாரு. வாங்கின காசுல பாதியைத் திருப்பிக் குடுத்துட்டுப் போனாரு. எதுக்கு அழுதாருன்னு எனக்கு விளங்கலை.

அப்பத்தான் கையிருப்புல ஒண்ணு வச்சிருக்கோமேன்னு ஞாபகம் வந்துச்சு. பொட்டியை எடுத்துக்கிட்டுச் சிவகாசிப் பக்கம் ஒரு டூரிங் கொட்டகைக்குப் போனேன். எனக்கு மட்டும் ஒருக்க ஓட்டிக் காட்டுங்கன்னேன். கொட்டகைக்காரன், ஒரு ஆளுக்காகவெல்லாம் இஞ்சினைப் போட முடியாது, சனத்தையும் விடுறேன், உங்களுக்கு வேணும்னா பங்கு தாரேன்னான். பங்கெல்லாம் வேண்டாம்னேன். மணல்ல சனத்தோட சனமா உக்காந்து கேட்டேன். அண்ணாச்சி, அந்த விக்கல் வந்துச்சு பாருங்க, எனக்குக் கண்ணுல தண்ணி வந்துருச்சு. எம்புட்டு நாளாச்சு அதைக் கேட்டு.

அதுல இருந்து இது ஒரு பழக்கமாப் போச்சு. யாவார விசயம்னு வீட்டுல சொல்லிட்டுக் கிளம்பிருவேன். தென்காசி, செங்கோட்டை, கடையநல்லூர்னு, என்னை யாருக்கும் தெரியாத ஊராப் பாத்துப் போவேன். எவன் வாயிலயும் இருக்கக் கூடாதுன்னு காசைக் கொட்டி வாங்கின சிரிப்பை, நானே ஊர் ஊராக் கொண்டு போய்க் காட்டிக்கிட்டிருக்கேன். எனக்குத் தெரியுது அது. தெரிஞ்சு என்ன செய்ய? வீட்டுல கேக்க முடியலை, கொட்டகையிலதான் கேக்க முடியுது. ஓட்டாம இருந்தா எனக்குத் தூக்கம் இல்ல.

ஆனா ஓட்ட ஓட்டச் சுருளு தேயுது. அது யாருக்கும் தெரியிறதில்ல. மழை பெய்ற மாதிரி கோடு கோடா விழுது, சத்தத்துல இரைச்சல் ஏறுது. அங்கங்க அறுந்துரும், ஆப்பரேட்டர் அறுந்த இடத்தைக் கொஞ்சம் வெட்டி எறிஞ்சுட்டு ஒட்டுவான். வேற எங்க அறுந்தாலும் பரவாயில்ல. போன மாசி மாசம் ஒரு ஊர்ல சரியா அந்த எடத்துல அறுந்துருச்சு. அவன் ஒரு சாண் நீளம் வெட்டி ஒட்டிட்டான். விக்கல் போச்சு. இப்ப வெடிச்சுச் சிரிக்கிறா, சிரிச்சுக்கிட்டே இருக்கும்போது பொசுக்குனு அடுத்த காட்சி வந்துருது. நான் அந்த ஆப்பரேட்டர் சட்டையைப் பிடிச்சுட்டேன். வெட்டிப் போட்ட துண்டைக் குப்பையில தேடினோம், ஆம்புடலை.

அப்பத்தான் எனக்கு ஒரு யோசனை. இவளையே கூட்டிக்கிட்டுப் போய்ப் படத்தைக் காட்டினா என்ன? தான் சிரிச்சதைத் தானே பாத்தா, பழையபடி வந்துறாதா? ராசபாளையத்துக்கு மோட்டார் வண்டி பேசினேன். எங்க போறோம்னு அவ கேக்கலை. கட்டிக்கோன்னு சொன்ன சீலையைக் கட்டிக்கிட்டு வந்து ஏறினா. வண்டியில திரையை இழுத்து விட்டிருந்தேன். ஊர் எல்லை தாண்டினதும் திரையை ஒரு ஓரமா ஒதுக்கிட்டு வெளியவே பாத்துக்கிட்டு வந்தா. போகட்டும்னு நானும் விட்டுட்டேன்.

கொட்டகையில ஆம்பளைக்கு ஒரு பக்கம், பொம்பளைக்கு ஒரு பக்கம், நடுவுல தட்டி. அவளைப் பொம்பளைப் பக்கம் அனுப்பிட்டு நான் தட்டி ஓரமா உக்காந்தேன். படம் ஆரம்பிச்சுது. கிழவன் பொட்டி மேல ஏறி உக்காந்தான். சனம் இப்பவே சிரிக்க ஆரம்பிச்சுது. பொட்டி ஒடிஞ்சது, அவ வாயைப் பொத்தினா, மூக்குல சத்தம் வந்துச்சு, வெடிச்சுச் சிரிச்சா, பொசுக்குனு வெட்டுப்பட்டுப் போச்சு. ஆனா சிரிப்பு நிக்கல. தட்டிக்கு அந்தப் பக்கம் இருந்து வருது. அதே சிரிப்பு. படத்துல விட்ட எடத்துல இருந்து எடுத்து, மூச்சு முட்டச் சிரிச்சு, கடைசியில அந்த விக்கலையும் போட்டு முடிச்சா.

ஆம்பளைங்க பூரா எந்திரிச்சுத் தட்டியைப் பாக்குறான். பொம்பளைங்க பக்கம் ஒரே சத்தம், இவதான்டி, இந்தா இங்க இருக்காடின்னு. எனக்கு என்ன செய்யன்னு தெரியலை. எம்புட்டுச் சந்தோசம் எனக்கு, எம்புட்டு அவமானம். ரெண்டும் சேர்ந்தாப்புல ஒரு மனுசனுக்கு வருமா? எனக்கு வந்துச்சு.

வெளிய வந்தா அவளைச் சுத்தி அம்பது பொம்பளைங்க. ஒருத்தி கன்னத்தை வழிச்சு நெட்டி முறிக்கிறா, ஒருத்தி புள்ளையை அவ கையில குடுக்குறா. ஒரு கிழவி என்னைக் காட்டி, உங்க அய்யாவான்னு கேட்டுச்சு. அதுக்குக் கண்ணு தெரியலை பாவம். இத்தனை நாளா எங்கம்மா போயிருந்த, உன் படத்தையே காணமேன்னு கேக்குதுக. அவ எல்லாரையும் பாத்துச் சிரிச்ச மூஞ்சியா நின்னா. வண்டியில ஏறினதும் மூஞ்சி பழையபடி ஆயிருச்சு. ஆனா ஒண்ணு கேட்டா. மத்த பிரிண்டெல்லாம் எங்கன்னு கேட்டா. நான் தேஞ்சு போச்சுன்னேன்.

மறுநாள் காலையில நான் சாப்பிட்டுக் கை கழுவிட்டு வாரேன், டிரங்குப் பொட்டியோட நடுவீட்டுல நிக்கிறா. அழுகை இல்ல, கோவம் இல்ல.

"நான் கோயமுத்தூருக்குப் போறேன். என்னைக் கூப்பிட்டு ஆள் வந்தது எனக்குத் தெரியும். நீங்க வந்தா வாங்க, இல்லாட்டி இங்க இருங்க. நான் போறேன்."

அம்புட்டுத்தான் பேசினா. நான் சத்தம் போடலை, கை நீட்டலை, அந்தப் பழக்கமே நமக்கு இல்ல. வெளிய வந்து கதவைப் பூட்டினேன். நாலு நாள் போனா மனசு மாறிரும்னு சாவியை இடுப்புல சொருகிட்டு மண்டிக்குக் கிளம்பினேன். தெருவுல கால் வைக்கல, உள்ள சத்தம் கேட்டுச்சு.

கதவை இடிக்கிறாளோன்னு நினைச்சேன். இடிக்கலை. கதவுக்குப் பின்னால உக்காந்துக்கிட்டுச் சிரிக்கிறா. நான் பூட்டினதைப் பாத்துத்தான் சிரிச்சாளோ, எதைப் பாத்துச் சிரிச்சாளோ. மூக்குச் சத்தம், வெடிச் சிரிப்பு, விக்கல். முடிஞ்சதும் மறுபடியும் மொதல்ல இருந்து. எதிர்வீட்டுக்காரன் வெளிய வந்தான். தண்ணிக் குடத்தோட போனவளுக நின்னாளுக. பள்ளிக்கூடத்துக்குப் போன பயலுக நின்னானுக. மண்டியில இருந்து மூட்டை தூக்குறவன் அம்புட்டுப் பேரும் வந்துட்டான். இந்தத் தெருவுல ஒருத்தன் காதுலயும் விழக் கூடாதுன்னு நாலு பிரிண்டையும் வாங்கினவன் நான். தெரு பூரா நின்னு கேக்குது. அதுல ஒருத்தன் கேலி பண்ணலை அண்ணாச்சி. துண்டை இடுப்புல கட்டிக்கிட்டு, கோயில்ல நிக்கிற மாதிரி நின்னு கேக்குறானுக. எல்லாரும் என் இடுப்பையே பாக்குறானுக.

எம்புட்டு நேரம் நிக்க முடியும்? திறந்து விட்டேன். கூட்டம் வழி விட்டுச்சு. மூட்டைக்காரன் ஒருத்தன், எனக்குன்னு விக்குவானே அதே பய, அவ டிரங்குப் பொட்டியை வாங்கித் தலையில வச்சுக்கிட்டு டேசன் வரைக்கும் போனான். அவ வாசல்ல நின்னு என்னைப் பாத்து, ராத்திரிக் குழம்பு உறியில இருக்கு, சுட வச்சுக்கிடுங்கன்னா. கோவமா இருந்தா அப்படிச் சொல்லுவாளா? அதான் எனக்கு இன்னும் ஒரு நம்பிக்கை.

இதெல்லாம் நடந்து மூணு மாசம் ஆச்சு. நானும் இப்பக் கோயமுத்தூருக்குத்தான் போறேன். தேஞ்ச சுருள்ல இருந்து புதுசா ஒண்ணு எடுத்துக் குடுக்கிற ஆள் அங்க இருக்காகளாம், அதைக் கேக்கலாம்னு. அவளைப் பாக்கவா? பாத்தாப் பாக்கிறது. உத்தரவு கேட்டுக்கிட்டு உள்ள வாங்கன்னு வெளியவே நிறுத்தினாலும் நிறுத்துவாக. ஸ்டுடியோ வாசல்ல கூர்க்கா நிக்கிறானாம்.

ஆனா எனக்கு வேற கவலை. அவ நடிக்கிற படம் முடியப் போகுதாம். இது ரெண்டு ரீல் இல்ல, முழுப் படம். அதுலயும் சிரிக்கிறாளாம், மூணு எடத்துல. இருபது பிரிண்டுக்கு மேல போடப் போறாங்களாம். இங்க மட்டும் இல்ல, கொழும்புக்கு, பினாங்குக்கு எல்லாம் போகுதாம். மண்டியை வித்து, மாடி வீட்டையும் வித்தா எத்தனை பிரிண்டு வாங்கலாம்னு விருதுநகர்ல இருந்து மனசுக்குள்ள போட்டுப் பாத்துக்கிட்டே வாரேன். இங்க இருக்கிறதை எப்படியும் பிடிச்சுருவேன்.

நீங்க உடுமலையிலயா எறங்கணும்? இன்னும் நேரம் இருக்கு, உக்காருங்க. அண்ணாச்சி, உங்களுக்குத் தெரியுமா, பினாங்குக்குக் கப்பல் எங்க ஏறணும்?